எதெல்வினாவுக்குத் தக்காளி

"உனக்குத் தக்காளி கிடையாது. மருமக குடிக்கிற சூப்புல விஷம் வச்ச கைக்கு என் கடையில வியாபாரம் இல்ல."

புவெப்லா நகரச் சந்தையில் காய்கறிக்காரி சோக்கோரோ வாராவாரம் எதெல்வினாவை இப்படித்தான் துரத்துவாள்.

"அது போன வருஷமே முடிஞ்சு போச்சேம்மா."

"அதுக்கு முன்னாடி ரெண்டு புருஷனக் கொன்னியே, அந்தப் பாவம் எங்க போகும்? நகரு, நகரு."

எதெல்வினா பஸ் ஏறி அடுத்த ஊர்ச் சந்தைக்குப் போவாள். முப்பது வருடமாகத் தொலைக்காட்சித் தொடர்களில் கொடுமைக்கார மாமியாராக நடித்ததற்கு அவளுக்குக் கிடைத்த மரியாதை அது.

எழுபத்தொரு வயதில் ஒரு சிரிப்புப் படத்தில் லாரி ஓட்டும் கன்னியாஸ்திரியாக நடித்தாள் பாருங்கள், நாடே வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது.

அந்த வாரம் சந்தைக்குப் போனபோது சோக்கோரோ ஓடி வந்து கட்டிக்கொண்டாள். "மூணு தடவ பாத்தேம்மா. இருங்க, நல்ல பழமாப் பொறுக்கித் தரேன்."

எதெல்வினாவுக்குக் கண் கலங்கிவிட்டது.

பையை நிரப்பிக் கொடுத்த சோக்கோரோ குரலைத் தாழ்த்தினாள். "தப்பா எடுத்துக்காதீங்க. இவ்வளவு தங்கமான உங்களுக்கு, டிவியில வர்ற அந்தப் பாதகத்தி எப்படித்தான் அக்காவாப் பொறந்தாளோ?"

எதெல்வினா தக்காளிப் பையை மார்போடு அணைத்துக்கொண்டாள்.

"அவகூட நான் பேசியே பல வருஷம் ஆச்சும்மா."