உள்மடிப்பு

என் மனைவி நாள் தைக்கும் கூடத்தில் வேலை பார்த்தாள். துணி கிடையாது, ஊராரின் பகல்களைத்தான் தைப்பார்கள். பின்னால் பிரித்துக்கொள்ள, ஒவ்வொன்றிலும் கொஞ்ச நேரத்தை உள்ளே மடித்து விடுவது அவர்கள் வழக்கம்.

அவள் நான்கு மணிக்கு இறந்ததாக மருத்துவமனைக் காகிதம் சொல்கிறது. நாலேகால் வரை என்னைத் திட்டிக்கொண்டிருந்தாள்.

துக்கம் கேட்க வந்த அவளுடைய தோழி, எங்கள் வீட்டுக் காற்றைத் துணிபோல விரல்களில் நெருடிப் பார்த்தாள்.

"அக்கா ஒரு மடிப்பைப் பிரிச்சுட்டாங்க. இன்னும் ஒண்ணே ஒண்ணு இருக்கு, சின்னது. எப்பப் பிரியும்னு தெரியலண்ணா."

ஏழு வாரம் வீட்டைவிட்டு நகரவில்லை. சொல்ல வேண்டியதையெல்லாம் மனப்பாடம் செய்தபடி அறை அறையாக நடந்தேன்.

நேற்றுக் காலை செய்தித்தாளில் மூழ்கியிருந்தேன். சமையலறையிலிருந்து, "அடுப்பை அணைச்சீங்களா, இல்லையா?" என்று கேட்டாள்.

"ம்" என்றேன், தலை நிமிராமல்.