விரிசல்

பெல்ஜியத்தில் அல்போன்ஸ் என்பவர் மரத்தாலும் துணியாலும் ஒரு விமானம் செய்தார். அதற்கு மேலே ஓர் இறக்கை, கீழே ஓர் இறக்கை. முதன்முதலாகப் பறக்கவிருந்த காலையில், இரண்டையும் தாங்கும் மரக்கால் ஒன்றில் விரிசல் இருப்பதைக் கீழ் இறக்கை பார்த்துவிட்டது.

"அக்கா, பயமா இருக்கு. சத்தம் போட்டு அவருக்குக் காட்டிடலாமா?"

"வாயை மூடு. ஊரே வேடிக்கை பார்க்க வந்திருக்கு. இப்போ நின்னா மானம் போயிடும்" என்றது மேல் இறக்கை.

அல்போன்ஸ் ஏறி உட்கார்ந்ததும் எஞ்சின் உறுமியது. விமானம் புல்வெளியில் ஓடத் தொடங்கியது. ஒவ்வொரு குலுக்கலுக்கும் விரிசல் நீண்டது. சக்கரங்கள் தரையை விட்டு எழும் நேரம். அதற்குமேல் தாங்க முடியாமல், கீழ் இறக்கை தன் நுனியை மண்ணில் குத்தியது.

விமானம் சுழன்று, சாய்ந்து நின்றது. கீழ் இறக்கை கிழிந்தது. மரக்கால் இரண்டாக முறிந்தது. கூட்டம் கைகொட்டிச் சிரித்தது.

தவழ்ந்து வெளியே வந்த அல்போன்ஸ் முறிந்த மரத்தைத் தொட்டுப் பார்த்தார். முகம் வெளுத்துவிட்டது. "மேலே போயிருந்தா..." என்றவர் அப்படியே உட்கார்ந்துவிட்டார்.

மேல் இறக்கை தங்கையின் கிழிசலைப் பார்த்தது.

"ரொம்ப வலிக்குதாடி?" என்று மெல்லக் கேட்டது. பிறகு சொன்னது: "அந்த விரிசலை நான் நேத்தே பார்த்துட்டேன்."