மூன்றாவது குரல்

சாயங்கால வெயில் ஜன்னல் வழியே வந்து, கீபோர்டும் கம்ப்யூட்டரும் ஒன்றாகவே இருக்கிற பழுப்புப் பெட்டியின் மேல் விழுகிறது. செல்வராணியைவிட வயதில் மூத்த பெட்டி. ஒரே நேரத்தில் மூன்று குரல்தான் அதற்கு வரும். இரண்டைப் பாட்டுக்குக் கொடுத்துவிட்டாள். மூன்றாவதில் வெறும் இரைச்சல். "அதுல கொசுதான் பாடும்" என்று புருஷன் லாரன்ஸ் சிரித்துவிட்டுப் போனதிலிருந்து, அமாவாசைதோறும் செஞ்சித் தெருவில் கேட்கிற பம்பை மேளத்தை அந்த இரைச்சலிலிருந்து எடுத்தே தீருவதென்று உட்கார்ந்திருக்கிறாள். இதுவரை வந்ததெல்லாம் தகர டப்பாச் சத்தம். இப்போது இரைச்சல் இழுத்துக்கொண்டே போகிற வாலை இன்னும் கொஞ்சம் நறுக்கி, பெட்டியோடு இணைத்த பழைய டிவியில் சத்தத்தைக் கூட்டுகிறாள். சுவரில் மாதா படத்தின் கண்ணாடி அதிர்கிறது. தெருவில், மேல்மலையனூர் அம்மன் கோயில் பஸ்ஸுக்குக் கூடையோடு விரைகிற பக்கத்து வீட்டு ராஜாம்பாள் சட்டென்று நிற்கிறாள். செருப்பைக் கழற்றிவிட்டுக் கண்களை மூடுகிறாள்; கை தானாகக் கன்னத்தில் போட்டுக்கொள்கிறது. பிறகுதான் எந்த வீட்டு வாசல் என்று பார்த்துத் திகைக்கிறாள்.

"இன்னாடி ராணி, வேதக்கார ஊட்ல பம்பை? எந்த ஊரு செட்டு?"

டிவியின் வெளிச்சம் செல்வராணியின் முகமெல்லாம் நீலமாய்ப் பரவியிருக்கிறது. பெட்டியின் மேல் உள்ளங்கையை வைத்துக்கொள்கிறாள், இளஞ்சூடாக இருக்கிறது.

"நம்ம செஞ்சி செட்டுதான்க்கா."