மீன்குழம்பும் மூன்று கோட்பாடுகளும்

மனோதத்துவப் பேராசிரியர் தணிகாசலம் வீட்டு மீன்குழம்பு எந்நாளும் எங்கள் தெருவையே எட்டிப்பார்க்க வைக்கும். அவர் எடுத்துக் கொடுத்த பட்டுப்புடவையில் மனைவி மங்கை அவருடைய சொற்பொழிவுக்குப் போய் முன்வரிசையில் உட்கார்ந்தாள்.

"எங்க வீட்டம்மாவையே சோதிச்சேன். முதல் மாசம் புடவை, அடுத்த மாசம் பாராட்டு, அப்புறம் ஒண்ணுமே இல்ல. குழம்பு ருசி குறையல. பரிசு, புகழ், பழக்கம்னு மூணு கோட்பாட்டையும் சேர்த்தாத்தான் மனுஷங்க எதுக்கு உழைக்கிறாங்கன்னு புரியும்."

அரங்கமே சிரித்தது. சிரிக்காவிட்டால் நன்றாயிருக்காதென்று அவளும் சிரித்தாள். அவர் பழக்கம் என்ற மூன்றாவதற்கு அவள் பிரியம் என்று பெயர் வைத்திருந்தாள்.

மறுநாள் சுண்டவைத்த பழங்குழம்பை ஊற்றினாள். அவர் கண்ணை மூடி, "நெசமாவே நல்லாருக்கு மங்கை" என்றார்.

"இது எந்த மாசத்துச் சோதனைங்க?"

அவள் கரண்டியோடு காத்து நின்றாள்.