வளையத்துக்குத் திரும்பும் பூக்கள்

பாக்கார் ஆராங் ஊரில் வெள்ளிக்கிழமை மாலை ஐந்தரைக்குக் காலம் மூன்று நிமிடம் பின்னால் ஓடும். கண்ணும் மனமும் நம்மிடமே இருக்கும். கையும் காலும் மட்டும் செய்ததையெல்லாம் அவிழ்த்துக்கொண்டு போகும். அதனால் அந்த நேரத்தில் யாரும் கைவேலை வைத்துக்கொள்வதில்லை. பூக்கடைப் புவனேசன் இன்று மணி பார்க்க மறந்துவிட்டான். மழை தரையிலிருந்து தகரக் கூரைக்கு ஏறுகிறது. கார்கள் பின்பக்கமாகவே ஓடுகின்றன. அவன் மடியில், நாளை மணப்பெண் கழுத்தில் விழவேண்டிய மாலையின் கடைசி முழம் முடிச்சு முடிச்சாக அவிழ்கிறது. ரோஜாக்கள் கூடைக்குப் போகின்றன. வெள்ளைச் சாமந்திகள் கூடைக்குப் போகவில்லை. அவன் கை அவற்றை ஒவ்வொன்றாக முதுகுக்குப் பின்னால் கொண்டுபோய், நேற்று சாவு வீட்டுக்காரர்கள் வாங்காமல் விட்ட மலர்வளையத்தில் செருகுகிறது. கையை நிறுத்த முடியவில்லை. வளையத்திலிருந்து அவற்றைப் பிய்க்கும்போது 'எல்லாம் பூதானே' என்று நினைத்தது இப்போது காதுமடல்வரை சுடுகிறது. எதிரே, கோலா கெத்தில் எஸ்டேட்டிலிருந்து பஸ் ஏறி வந்த நவமணி நிற்கிறாள், மணப்பெண்ணின் அம்மா. முன்பு மழையை வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்த அவள் கண்கள் இப்போது அவன் விரல்களை விட்டு நகரவில்லை. வளையம் ஓட்டையில்லாமல் நிறைகிறது.

மழை மறுபடி கீழே விழுகிறது. கை அவனுடையதாகிறது.

"அக்கா..." என்கிறான். கூடைக்கும் வளையத்துக்கும் நடுவே கை அப்படியே நிற்கிறது. நவமணி குடையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு சாலைப் பக்கம் திரும்பி, அவனுக்கு முதுகைக் காட்டி நிற்கிறாள்.

"கட்டுங்க தம்பி, பரவால்லலா. நான் இந்தப் பக்கம் பாத்துக்கிட்டு இருக்கேன்."