மணியக்காரர் மேல் ஒரு புகார்

"பெரியவரே, ரிக்கார்டுப்படி நீங்க செத்துப் போயிட்டீங்க."

சொல்லிவிட்டு தேவநாதன் கண்ணாடியைக் கழற்றி மேஜைமேல் வைத்தார். பென்ஷன் பிரிவு குமாஸ்தாவாக அவர் எத்தனையோ பேருக்கு எத்தனையோ கெட்ட சேதி சொல்லியிருக்கிறார். செத்தவரிடமே சாவுச் சேதி சொன்னது இதுதான் முதல் தடவை.

எதிரே நின்ற தங்கதுரை திடுக்கிடக்கூட இல்லை. விருத்தாசலத்து அரசுப் பீங்கான் கூடத்தில் சூளை எரித்தே கண் சிவந்துபோன மனிதர். "டிரெசரியிலயும் அப்படித்தாங்க சொன்னாங்க" என்றார்.

பாவம், அவர் பார்த்தது சூளை வேலை, வாங்கியது உதவியாள் சம்பள ஸ்கேல். அதைச் சரிசெய்யச் சொல்லி, ரிட்டயரான பிறகும் மனு மேல் மனுவாகப் போட்டு, செருப்புத் தேய அலைந்து, ஒருவழியாக ஆர்டர் வாங்கியிருந்தார். பென்ஷன் கூடும் என்றிருந்த நேரத்தில், இதே வட்டாரத்து மங்களூர்ப் பக்கத்துச் சொந்த ஊர் மணியக்காரர் 'கருப்பன் மகன் தங்கதுரை காலமானார்' என்று தாலுகாவுக்கு எழுதிவிட்டார். கூடுவது இருக்கட்டும், வந்துகொண்டிருந்ததும் நின்றுபோனது. சாண் ஏறினால் முழம் சறுக்கியது.

தேவநாதனுக்கு அந்த அலைச்சல் புரியும். எழுபதாம் வருஷத்து ஸ்கேலே அவர் ஆபீஸ்காரர்களுக்கு இன்னும் சரியாக நிர்ணயமாகவில்லை. அதற்காகத்தான் ஆபீசில் மற்றவர்களெல்லாம் கறுப்பு பேட்ஜ் குத்திக்கொண்டு வாசலில் கோஷம் போட்டுக்கொண்டிருந்தார்கள். கத்தவும் தெம்பில்லாமல் இவர் மட்டும் நாற்காலியில் கிடந்தார்.

"வூட்டுல உங்க சம்சாரம் அம்சவல்லி அம்மா எப்படி இருக்காங்க?"

"படுத்த படுக்கைதாங்க. பென்ஷன் வந்தாத்தான் மருந்து, தைலம் எல்லாம்."

"அப்ப ஒண்ணு பண்ணுங்க. ஊருக்குப் போயி அந்த மணியக்காரர் முன்னால நில்லுங்க. 'தங்கதுரை உசுரோட இருக்காரு'ன்னு ஒரு வரி எழுதி வாங்கிட்டு வாங்க. முடிஞ்சுது."

"அவரு எழுதித் தர மாட்டாருங்க."

"எதிர்ல வந்து நிக்கிறப்ப எப்படி மாட்டேம்பாரு? வரப்புச் சண்டை ஏதாச்சும் இருக்குதா?"

"அய்யய்யோ, இல்லீங்க. நல்ல மனுசன். எங்க குடும்பத்துக்கு ஒரு கெடுதல் பண்ணதில்ல."

"உங்களைச் சாகடிச்சவரு நல்ல மனுசனா?"

தங்கதுரை தலையைக் குனிந்துகொண்டார். "இங்கயே ஒரு ஆபீசரு பாத்துக் கையெழுத்துப் போட்டா ஆவாதா சார்?"

"ஆவாது. முன்னால நிக்கிற உங்களை டிரெசரியில நம்ப மாட்டாங்க. அவரு எழுதுன காயிதத்தைத்தான் நம்புவாங்க. தப்புன்னு அவரே ஒத்துக்கணும்."

"வேற வழியே இல்லீங்களா?"

தேவநாதனுக்குக் கோபம் வந்தது. கோபப்படுவதற்கும் அலுப்பாக இருக்கிற மனிதர்தான் அவர். ஆனாலும் இப்படி வாயில்லாப் பூச்சியாக இருந்தால் எவன்தான் ஏறி மிதிக்க மாட்டான் என்று நினைத்தார். ஒரு வெள்ளைத் தாளை எடுத்து, விசாரிக்காமல் பொய்த் தகவல் கொடுத்த மணியக்காரரை வேலையை விட்டு நீக்க வேண்டும் என்று தாசில்தாருக்கு மளமளவென்று ஒரு புகார் எழுதினார்.

"இதுல கையெழுத்துப் போடுங்க. தாசில்தாரு நேர்ல வந்து விசாரிப்பாரு. அந்தாளு வூட்டுக்குப் போவாரு, உங்க பென்ஷன் உங்க கைக்கு வரும்."

"அவரு வேலை போயிடுமாங்க?"

"போவட்டுமே. உசுரோட இருக்கிற மனுசனைச் செத்துட்டான்னு எழுதுனா சும்மா வுடுவாங்களா?"

தங்கதுரை பேனாவை வாங்கினார். தாளின் ஓரம் வரை கொண்டுபோய் நிறுத்தினார்.

"அவருக்குக் கட்டிக் குடுக்க வேண்டிய பொண்ணுங்க இருக்குது சார்."

"அந்தக் கவலை உங்களுக்கு எதுக்கு? உங்க சம்சாரத்தை நெனைச்சுப் பாத்துப் போடுங்க."

நினைத்துப் பார்த்தார் போலிருக்கிறது, கண் நிறைந்துவிட்டது. அப்புறம் பேனாவை மூடி மேஜைமேல் வைத்தார்.

"வேணாங்க சார். அவரு பொய் எழுதல. செத்துப் போனது தங்கதுரைதான். கொள்ளி வச்சதே நாந்தாங்க."

தேவநாதன் நாற்காலியை விட்டு எழுந்துவிட்டார். "அப்ப நீ யாருய்யா?"

"தங்கதுரைக்குத் தம்பிங்க. எட்டாவது பாசானது அண்ணன். அந்த சர்டிபிகேட்ட எடுத்துக்கிட்டு அவரு பேருலயே வேலைக்கு வந்தது நானு."