சாலையின் தலையெழுத்து

“ரெண்டே ரெண்டு எழுத்து! ஒரு மலையையே வெட்டிப் போட்டுடுச்சு!”

ஜீப்பின் முன் இருக்கையிலிருந்து தலைமைப் பொறியாளர் கத்தினார்.

பின் இருக்கையில் புதிதாக வேலைக்கு வந்த டைப்பிஸ்ட் பெண் கைக்குட்டையைக் கசக்கிக்கொண்டிருந்தாள். பக்கத்தில் சாலைப் பெயர்ப் பிரிவின் கண்காணிப்பாளர் அம்மாள். எதுவும் காதில் விழாதவர்போல் ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டிருந்தார்.

அந்த அம்மாளுக்கு அலுவலகம் வைத்த பெயர் ‘கேப்பிடல் அம்மா’.

ஆங்கில அரசிதழில் ‘ஸ்டேட் ஹைவே’ என்று வரும்போது எஸ்ஸும் எச்சும் பெரிய எழுத்தில் இருந்தால் அது பெயர். அந்தச் சாலை துறையின் சொந்தப் பிள்ளை. தார், பாலம், பராமரிப்பு எல்லாம் தானாக வரும். சின்ன எழுத்தில் இருந்தால் வெறும் வர்ணனை. மாநிலத்தில் எங்கோ கிடக்கும் ஒரு பாதை. மழை வந்து இழுத்துக்கொண்டு போனாலும் கேட்க நாதியில்லை.

இந்த வித்தியாசத்துக்காக அந்த அம்மாள் எத்தனை பேரை அழவைத்திருக்கிறார்! ஓர் எழுத்து தப்பினால் மொத்தத் தாள்கட்டையும் திரும்ப டைப் அடிக்கச் சொல்வார். மலைமேல் ஊர்க்காரர்கள் சாலை கேட்டு ஆங்கிலத்தில் மனு கொடுத்தபோதுகூட, அவர்கள் ஆசையாகப் போட்டிருந்த இரண்டு பெரிய எழுத்துகளையும் சிவப்பு மையால் அடித்து, ‘இந்தப் பாதைக்கு இந்த உரிமை இல்லை’ என்று திருப்பி அனுப்பியவர்.

அதே பாதைதான் அரசிதழில் பெரிய எழுத்தோடு வெளிவந்துவிட்டது. யாரும் கவனிக்கவில்லை. வேலை உத்தரவு போனது. பாறை வெடித்தது. சாலையும் வந்துவிட்டது. அப்புறம்தான் தணிக்கையில் குட்டு வெளிப்பட்டது. இப்போது ஜீப் ஏறிக்கொண்டிருப்பதும் அந்தச் சாலையில்தான்.

பொறியாளர் டைப்பிஸ்ட் பக்கம் திரும்பினார். “அந்தப் பக்கத்தை நீதானேம்மா அடிச்சே?”

“ஆமா சார். ஆனா அது எப்படி விழுந்துச்சுன்னு... எனக்கு ஞாபகமே இல்ல சார்.”

“அப்போ வீட்டுல உட்கார்ந்து நிதானமா யோசி. இனிமே ஆபீஸ் பக்கம் வர வேணாம்.”

“சார், எங்க வீட்டுல நான் ஒருத்திதான் சம்பாதிக்கிறேன்...”

கேப்பிடல் அம்மா இன்னும் ஜன்னலுக்கு வெளியேதான் பார்த்துக்கொண்டிருந்தார்.

டிரைவர்தான் செருமினார். “சார், நான் சொல்றேன்னு கோச்சுக்காதீங்க. முன்னாடி இந்தப் பக்கம் வந்தா பாதி தூரம் நான்தான் ஜீப்பைச் சுமப்பேன். இன்னைக்கு அது என்னைச் சுமக்குது.”

“நீ ரோட்டைப் பாருய்யா.”

“அதைத்தான் சார் பாக்குறேன். கண்ணை எடுக்க முடியல.”

கடைசி வளைவில் எல்லோருமே வெளியே எட்டிப் பார்த்தார்கள். ஏறிவந்த வளைவுகள் எல்லாம் காலடியில், ஒன்றன்கீழ் ஒன்றாக, ஈரம் மின்னக் கிடந்தன. முன்னால் சாலை, யாரையும் கேட்காமல் மேகத்துக்குள் போய்க்கொண்டிருந்தது.

மேகத்திலிருந்து சிலர் சுமையோடு இறங்கி வந்தார்கள். சாலை காலியாகத்தான் இருந்தது. ஆனால் அவர்கள் செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு ஓரத்துச் சேற்றில் நடந்தார்கள்.

பொறியாளர் இறங்கினார். “ஏம்மா, இவ்வளவு நல்ல ரோட்டை விட்டுட்டுச் சேத்துல நடக்குறீங்க?”

முன்னால் வந்த பெண் பெயர்ப்பலகையைக் காட்டினாள். “பெரிய எழுத்துல பேரு போட்டிருக்கே ஐயா. எங்க கால் பட்டு அழுக்காயிடக் கூடாதில்ல.”

“ரோடே நடக்கத்தானேம்மா?”

“உடம்புக்கு முடியாதவங்களை வண்டியில கொண்டு போறப்போ ரோட்டு மேல போறோம் ஐயா. முன்னெல்லாம் நாற்காலியில கட்டித் தூக்கிட்டு இறங்குவோம். கீழே போய்ச் சேர்றதுக்குள்ள...”

அவள் குனிந்து, தார்மேல் கிடந்த சருகு ஒன்றை எடுத்து ஓரமாகப் போட்டாள்.

பொறியாளர் தன் காலணிகளைப் பார்த்தார். பிறகு, தன்னையறியாமல், சாலையிலிருந்து விலகி ஓரத்தில் நின்றுகொண்டார்.

“எத்தனையோ ரோடு போட்டிருக்கேன்...” அவர் குரல் இறங்கிவிட்டது. “சரி, போட்ட தாரைச் சுரண்டவா முடியும்? ரோடு இருக்கட்டும். ஆனா தணிக்கைக்கு நான் ஒரு பேரைச் சொல்லியாகணும். இந்தப் பொண்ணு பேரைத்தான்...”

“என் பேரைச் சொல்லுங்க.”

கேப்பிடல் அம்மா ஜீப்பிலிருந்து இறங்கியிருந்தார்.

“நீங்களா? ஒரு புள்ளிகூட விடாத நீங்களா?”

“அச்சுக்குப் போறதுக்கு முன்னாடி கடைசியாப் பாக்குறது நான். தப்பும் என்னோடது.”

“அடுத்த மாசம் உங்களுக்குப் பதவி உயர்வு. இதைச் சொன்னா அது போச்சு, தெரியுமில்ல?”

“தெரியும் சார். என் பேரை எழுதுறப்போ முதல் எழுத்தைப் பெரிசாப் போடுங்க. அது போதும்.”

திரும்பும் வழியில் டைப்பிஸ்ட் பெண் அந்த அம்மாளின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

“அம்மா... உங்களை ராட்சசின்னு நெனச்சுக்கிட்டிருந்தேன். எனக்காக இப்படி ஒரு பொய்யைச் சொல்லிட்டீங்களே!”

கேப்பிடல் அம்மா திரும்பி மேலே பார்த்தார். மேகம் சாலையை மெல்ல மூடிக்கொண்டிருந்தது.

“பொய் எங்கம்மா? நீ சின்ன எழுத்துல சரியாத்தான் அடிச்சிருந்தே. அந்த ஊர்க்காரங்க மனுவுல நான் சிவப்பு மையால அடிச்சுப்போட்ட ரெண்டு எழுத்தையும், அச்சுக்குப் போற தாள்ல நான்தான் திருப்பிக் குடுத்துட்டேன்.”